சதுப்பு நிலப் புத்தகம் வாங்க வந்தவர்கள்

அக்காவின் பெயரை நான் எழுதப்போவதில்லை. மரியாதையால் அல்ல, பயத்தால். கடை மூடியபிறகு அவர் கனடாவுக்குத் தம்பியிடம் போய்விட்டார் என்று கேள்வி. இருந்தாலும் அச்சில் தன் பெயரைக் கண்டால் எனக்கும் ஒரு நாள் வைத்துவிடுவார். அக்கா நாள் வைத்தால் வைத்ததுதான். அது ஆறு மாதத்திலும் வரும், ஆறு வருடத்திலும் வரும், வராமல் மட்டும் போகாது.

பழி வாங்குகிறவர்கள் என்றால் தெருவில் நின்று கத்துவார்கள், மண்ணை அள்ளித் தூற்றுவார்கள், தலைமுறைக்கும் சேர்த்துச் சாபம் போடுவார்கள். ஊரில் நான் கண்டது அப்படித்தான். அக்கா குரல் உயர்த்தி நான் கேட்டதேயில்லை. நெட்டையான, மெலிந்த பெண். கோடையிலும் கழற்றாத சாம்பல் நிறக் கார்டிகன். மூக்குக்கண்ணாடியைக் கழற்றி கார்டிகன் நுனியால் துடைக்கத் தொடங்கினால் யாருக்கோ வில்லங்கம் என்று அர்த்தம். "மறப்பம் மன்னிப்பம் எண்டு சொல்லுறவை எல்லாரும் செய்தவைதான், தம்பி. பட்டவை ஒரு நாளும் அப்பிடிச் சொல்லமாட்டினம்" என்பார். வேலைக்குச் சேர்ந்த முதல் கிழமையே இதைக் கேட்டுவிட்டேன். பகிடிக்குச் சொல்கிறார் என்று நினைத்துச் சிரித்தேன். விசரன் நான்.

நாங்கள் இரண்டு பேரும் வேலை செய்தது லண்டனில் டூட்டிங் பகுதியில், அப்பர் டூட்டிங் ரோட்டிலிருந்து பிரிகிற ஒரு குறுக்குத் தெருவில் இருந்த பழைய புத்தகக் கடையில். எண்பதுகளின் நடுப்பகுதி. கடையின் முதலாளியம்மா அமெரிக்காவின் தெற்குப் பக்கத்தவர். லண்டன்காரரைக் கட்டிக்கொண்டு வந்து, அவர் செத்தபிறகு, பிறந்த இடத்து நினைவில் இந்தக் கடையைத் திறந்தவர். ஆகவே அங்கே அந்தத் தெற்கைப் பற்றிய புத்தகங்கள் மட்டும்தான் இருக்கும். சதுப்பு நிலம், மிசிசிப்பி வெள்ளம், பருத்தித் தோட்டம், அடிமைகளாய் இருந்தவர்களின் வரலாறு, உள்நாட்டுப் போர், முதலை, நாரை, மரக்கிளைகளில் தாடியாய்த் தொங்குகிற பாசி. டூட்டிங்கில் இதையெல்லாம் எந்தப் பேயன் வாங்குவான் என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் கேட்டேன். பாதி வியாபாரம் தபாலில் நடந்தது. மாதா மாதம் என்னென்ன புத்தகம் வந்திருக்கிறது என்று அக்கா தட்டெழுத்தில் அடிப்பார், அச்சாகி நாடு முழுக்கப் போகும், கேட்பவர்களுக்கு நான் பொதி கட்டி அனுப்புவேன். மற்றப் பாதி வியாபாரம் வேறு விதமாக நடந்தது. அதைப் பிறகு சொல்கிறேன், ஏனென்றால் என் கலியாணம் மாட்டுப்பட்டது அதில்தான்.

முதலில் அக்காவின் கைவரிசை கொஞ்சம் தெரியவேண்டும். ஓய்வு பெற்ற ஒரு வெள்ளைக்காரப் பட்டாளத்துக்காரர் உள்நாட்டுப் போர்ப் புத்தகம் தேடிக் கடைக்கு வந்தார். அக்கா எழுந்து போய் விளக்கம் சொல்லத் தொடங்க, அவர் அக்காவின் தலைக்கு மேலால் எட்டிப் பார்த்து, வாசிக்கத் தெரிந்த யாராவது உள்ளே இருக்கிறார்களா என்று கேட்டார். அக்கா முதலாளியம்மாவைக் கூப்பிட்டு விட்டுவிட்டுத் தன் மேசைக்குப் போய்க் கண்ணாடியைத் துடைத்தார். அன்றிலிருந்து அந்த மனிதருக்குப் போகவேண்டிய புத்தக விபரக்கொத்து மட்டும் ஒவ்வொரு மாதமும் பிந்தித்தான் தபாலுக்குப் போனது. அது போய்ச் சேர்கிற நேரம் அவர் ஆசைப்பட்ட புத்தகமெல்லாம் விற்றுப்போயிருக்கும். டெலிபோன் எடுப்பார். அக்கா தேன் ஒழுகுகிற இங்கிலீசில், ஐயோ நேற்றுத்தானே போனது என்று கவலைப்படுவார். மனிதர் கடைசியில் தபால்காரனோடு சண்டை பிடித்துக்கொண்டு திரிந்ததாகக் கேள்விப்பட்டோம். அவர் செத்துப்போன செய்தி வந்த அன்று அக்கா விலாசத்தை வெட்டிவிட்டு, "ஒரு நல்ல புத்தகம்கூடக் கிடைக்காமல் போயிட்டார், பாவம்" என்றார். பாவம் என்ற சொல்லை அவ்வளவு திருப்தியோடு ஒருவர் சொல்லி நான் கேட்டதில்லை.

எங்கள் ஆட்கள் என்று சலுகையும் கிடையாது. மெயின் ரோட்டு மரக்கறிக் கடைக்காரர் ஒருமுறை முருங்கைக்காய்க் கட்டுக்குள் முற்றலை ஒளித்துக் கொடுத்துவிட்டார். அக்கா போய் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அதற்குப் பிறகு தூரத்தில் இருந்த வேறொரு கடைக்கு நடந்து போய் வாங்கி, அந்தக் கடைப் பெயர் போட்ட பையைத் தெரியத்தக்கதாய்ப் பிடித்துக்கொண்டு, இவர் வாசலில் நிற்கிற நேரமாய்ப் பார்த்து முன்னால் போவார். போகிறபோது நின்று, "என்ன அண்ணை, வியாபாரம் எப்பிடிப் போகுது?" என்று சுகம் விசாரிப்பார். வருடக்கணக்காய் இது நடந்தது. பொறுக்க ஏலாமல் அந்த மனிதர் ஒருநாள் பிஞ்சு முருங்கைக்காயாய்த் தெரிந்தெடுத்து ஒரு கட்டு கொண்டுவந்து அக்காவின் மேசையில் வைத்தார். அக்கா நன்றி சொல்லி வாங்கி, அவர் பார்த்துக்கொண்டு நிற்க, "தம்பி, இந்தாரும், உமக்கு விருப்பம்தானே" என்று அப்படியே என்னிடம் தந்துவிட்டார்.

எனக்கும் நடந்தது. பொம்பிளைகளுக்கு மப் பார்த்து வழி கண்டுபிடிக்கத் தெரியாது என்று சாப்பாட்டு நேரத்தில் ஏதோ கொழுப்பில் சொல்லிவிட்டேன். மாதங்கள் கழித்து, குரோய்டனுக்கு அப்பால் ஒரு வீட்டில் புத்தகம் எடுத்துவரப் போகவேண்டி வந்தது. வழி கேட்டேன். அக்கா ஒரு மப்பை வடிவாய் மடித்து உறையில் போட்டுத் தந்தார். மழைக்குள் ஸ்டேசனுக்கு வெளியே நின்று விரித்தால் அது ஜோர்ஜியா மாநிலத்து மப். திரும்பி வந்து சத்தம் போட்டேன். "லண்டன் மப் எண்டு நான் சொன்னனானே?" என்று கேட்டார். உண்மைதான், சொல்லவில்லை. அக்கா பொய் சொல்லமாட்டார். "பொய் சொல்லிப் பழி வாங்கிறது சோம்பேறியின்ரை வேலை" என்பது அவருடைய கொள்கை.

அவர் கடையில் இருந்த புத்தகங்களை எல்லாம் வாசிப்பார். முன்னுரையை மட்டும் புரட்டிவிட்டு விபரம் தட்டெழுத்தில் அடிக்கிற ஆள் இல்லை. "அங்கை தெற்கான் அடி வாங்கினான், எங்கடை இடத்திலை வடக்கான் வாங்கிறான், அவ்வளவுதான் வித்தியாசம்" என்று ஆரம்பத்தில் சொல்வார். ஆனால் அந்தத் தெற்குத் துரைமாரில் அவருக்கு ஒரு சொட்டு இரக்கமும் இல்லை. எரிந்துபோன தோட்ட மாளிகைகளின் படத்தைக் கண்டால், மற்றவன் முதுகில் கட்டின வீடு எரியட்டும் என்று பக்கத்தைத் திருப்பிவிடுவார். அவருக்குப் பிடித்தது அடிமைத்தனத்தில் இருந்து தப்பிச் சதுப்புக் காட்டுக்குள் போய், நாய்களும் துவக்கால் சுடுகிறவர்களும் வரப் பயப்படுகிற சேற்றுக்குள் தலைமுறையாய் வாழ்ந்தவர்களின் கதை. அதற்கு அடுத்ததாய் மலைப்பக்கத்துக் குடும்பப் பகைக் கதைகள். ஒரு பன்றி யாருடையது என்று தொடங்கிப் பேரன்மார் காலம்வரை சுட்டுக்கொண்டு செத்திருக்கிறார்கள். ஒரு பன்றிக்காகவா என்று நான் சிரித்தேன். "பண்டியை விட்டால் நாளைக்கு மாட்டைக் கொண்டுபோவான்" என்றார். அவர் சிரிக்கவில்லை.

இனி அந்த மற்றப் பாதி வியாபாரம். எங்கள் ஆட்கள் ஒரு சம்பந்தம் பேசினால், சாதகம் பொருந்தினால் மட்டும் போதாது, விசாரிக்கவேண்டும். பிள்ளையின் ஊர்க்காரர், அயலட்டை, யாராவது ஒருவரிடம் போய், அந்தக் குடும்பம் எப்படி என்று கேட்கவேண்டும். நேரே கேட்கக்கூடாது. வேறு அலுவலாய்ப் போனமாதிரிப் போய்க் கேட்கவேண்டும். அக்கா லண்டனுக்கு வருவதற்கு முன்னால் யாழ்ப்பாணத்தில் பெண்கள் பள்ளிக்கூடத்தில் படிப்பித்தவர். நாலைந்து ஊர்ச் சனத்தை முழுதாய்த் தெரியும். அவர் வாடகைக்கு இருந்த அறைக்குப் போனால் வீட்டுக்காரி காதைத் தீட்டிக்கொண்டு இருப்பாள். ஆகவே பிளேஸ்டோவில் இருந்தும் தோர்ண்டன் ஹீத்தில் இருந்தும் பெரியவர்கள் கோட்டுப் போட்டுக்கொண்டு கடைக்கு வந்து, புத்தகம் பார்ப்பதாய்ப் பாவனை பண்ணுவார்கள். மிசிசிப்பி ஆறு எங்கே ஓடுகிறது என்று தெரியாத மனிதர் அதன் வண்டல் மண்ணைப் பற்றிய புத்தகத்தைத் தலைகீழாய்ப் பிடித்துக்கொண்டு, "ரீச்சர், உங்கடை ஊர்ப் பக்கம் ஒரு பகுதி..." என்று இழுப்பார்.

புத்தகத்தை வாங்காமல் அக்கா வாயைத் திறக்கமாட்டார். அதுவும் அவர் தெரிந்து கொடுப்பதைத்தான் வாங்கவேண்டும். கஞ்சனுக்கு வறட்சியைப் பற்றியது. அலட்டுகிறவருக்குப் பாடும் பறவைகள். பெண் வீட்டாரிடம் நிறையச் சீதனம் கேட்க இருக்கிறவர்களுக்கு வாய் பிளந்த முதலைப் படம் போட்ட பெரிய புத்தகம். முதலாளியம்மா பாவம், ஒன்றும் விளங்காமல், உங்கள் சனங்கள் நிலத்தையும் இயற்கையையும் இப்படி நேசிக்கிறார்களே என்று கண் கலங்குவார். என்னைக் கொண்டு தமிழில் வணக்கம் என்று எழுதுவித்துக் கதவில் தொங்கவிட்டார். அந்தக் காலத்தில் டூட்டிங்கில் எந்தத் தமிழ் வீட்டுக்குப் போனாலும், ஷோகேசில் குத்துவிளக்குக்குப் பக்கத்தில் ஒரு சதுப்பு நிலப் புத்தகம் இருந்தால், இந்த வீட்டில் சம்பந்தம் பேசியிருக்கிறார்கள் என்று எனக்குத் தெரிந்துவிடும்.

அக்காவின் பதிலும் ஒரு தினுசு. குடிக்கிற பையனைக் குடிகாரன் என்று சொல்லமாட்டார். "நல்ல பெடியன். வெள்ளிக்கிழமை பின்னேரம் ஒருக்காப் போய்ப் பாருங்கோ" என்பார். அவர் நல்லது என்று சொன்ன சம்பந்தம் எதுவும் பிழைத்ததில்லை. அதனால்தான் அவருடைய சொல்லுக்கு அவ்வளவு பெறுமதி.

அவருக்கு ஏன் கலியாணம் ஆகவில்லை என்பதை ஒரு மழை நாளில் தானாகவே சொன்னார். அந்தத் தெற்கில் ஆறு திடீரென்று திசை மாறி, ஒருவனுடைய காணியை அறுத்து அக்கரைக்காரன் பக்கம் சேர்த்துவிடுமாம். அதை வாசித்துக்கொண்டிருந்தவர் புத்தகத்தை மூடினார். "இவன் ஆரைப் போய்க் கேக்கிறது? ஆறு செய்தது. எனக்கெண்டால் செய்த ஆள் இருக்கு" என்றார்.

அக்காவுக்கு இருபத்துச் சொச்சம் வயதில் ஒரு நில அளவையாளரைப் பேசினார்கள். மாப்பிள்ளை ஒருநாள் பள்ளிக்கூட வாசலில் அக்காவைக் கண்டு சிரித்தும் இருக்கிறார். மாப்பிள்ளை பகுதியார் வழக்கப்படி பக்கத்து வீட்டில் விசாரித்தார்கள். அந்த வீட்டு இளந்தாரிக்கு அக்காவின் அப்பாவோடு ஏதோ வேலிச் சண்டை. அவன் அவதூறு சொல்லவில்லை. "அந்தப் பிள்ளையைப் பற்றி நான் ஒண்டும் சொல்லேல்லை" என்றானாம். அவ்வளவுதான். அயல் வீட்டுக்காரன் சொல்லக் கூசுகிற அளவுக்கு என்ன இருக்கும் என்று அவரவர் தங்கள் தங்கள் மனதுக்கேற்றபடி யோசித்தார்கள். சம்பந்தம் நின்றது. அவர்கள் ஏன் விட்டார்கள் என்று யோசித்து அடுத்து வந்தவர்களும் விட்டார்கள். அப்பா அந்தக் கவலையோடேயே கண்ணை மூடினார்.

அந்த ஆள் இப்போது எங்கே என்று கேட்டேன். "தோர்ண்டன் ஹீத்திலை. கணக்காளர். கோயில் சபையிலை முன்வரிசை" என்றார் அக்கா. பிறகு, "மகளெண்டு ஒரு பெட்டை இருக்கு" என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

எனக்கு அப்போது யாரோ வீட்டுக் கதையாய் இருந்தது. இரண்டு மூன்று வருடம் போனது. தொண்ணூறுகள் பிறந்துவிட்டன, எனக்கும் முப்பது தாண்டிவிட்டது. தோர்ண்டன் ஹீத்தில் சிநேகிதன் ஒருவனுடைய பிள்ளையின் பிறந்தநாளுக்குப் போன இடத்தில் சுமதியைக் கண்டேன். மருந்துக் கடையில் வேலை. எங்கே வேலை செய்கிறீர்கள் என்று கேட்டாள். சொன்னேன். "முதலை கடிச்சால் முதலிலை என்ன செய்யவேணும் எண்டு அந்தப் புத்தகங்களிலை இருக்கோ?" என்று முகத்தை மாற்றாமல் கேட்டாள். கேக் தட்டோடு நான் நின்ற நிலையை இப்போது நினைத்தாலும் வெட்கமாய் இருக்கிறது. அதற்குப் பிறகு பொதி கட்டும்போதெல்லாம் அவள் நினைவுதான்.

பிளேஸ்டோவில் இருந்த என் மாமாதான் லண்டனில் எனக்குப் பெரியவர். தெய்வச் செயல் என்றுதான் சொல்லவேண்டும், அவர் கொண்டுவந்த சம்பந்தமும் அவளுடையதாகவே இருந்தது. அவர் சொல்லி முடிக்குமுன்னே ஓம் என்றுவிட்டேன். பிறகுதான் தகப்பன் யார் என்று சொன்னார். அக்கா சொன்ன அதே கணக்காளர். மாமாவுக்குச் சந்தோசம் பிடிபடவில்லை. உன்னோடு வேலை செய்கிற ரீச்சர் ஊரில் அவர்களுக்குப் பக்கத்து வீடாமே, நல்லதாய்ப் போச்சு, சனிக்கிழமை வந்து விசாரிக்கிறேன் என்றார். விசாரிக்கத் தேவையில்லை மாமா என்று சொல்லிப் பார்த்தேன். ஏன் தேவையில்லை என்று அவர் என்னைச் சந்தேகமாய்ப் பார்த்தார். கதை அதோடு முடிந்தது.

அக்காவிடம் நானே போய்ச் சொன்னேன். எனக்கு அந்தப் பிள்ளையைப் பிடித்திருக்கிறது, நீங்கள் ஒரு நல்ல வார்த்தை சொன்னால் போதும் என்றேன். அக்கா தட்டெழுத்தை நிறுத்தவில்லை. பிள்ளை நல்ல பிள்ளை என்று தனக்கும் தெரியும் என்றார். மாமாவை வரச் சொல்லும் என்றார். எனக்குப் பாதி உயிர் வந்தது. மற்றப் பாதி வரவில்லை, ஏனென்றால் அதற்குள் கண்ணாடி கைக்கு வந்துவிட்டது.

மாமா வருவதற்கு முன்னால், விசாரணை எங்கே நடக்கும் என்று தெரிந்த கணக்காளர் வந்துவிட்டார். அத்தனை வருடம் டூட்டிங் பக்கமே தலை வைத்துப் படுக்காத மனிதர், சூட்டும் குடையுமாய் உள்ளே வந்து, அலுமாரியில் இருந்த மிகப் பெரிய புத்தகத்தை உருவி எடுத்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அக்காவின் மேசைக்கு முன்னால் நின்றார். நான் பொதி கட்டுகிற மேசையில் கயிற்றைப் பிடித்தபடி நின்றேன்.

"தங்கச்சி, பழசுகளை மனசிலை வைச்சிருக்கக்கூடாது" என்று தொடங்கினார். "அந்த நேரம் நான் உங்களைப் பற்றி ஒண்டும் சொல்லேல்லை."

"ஓம், தெரியும்" என்றார் அக்கா.

"கடவுளாணை ஒண்டும் சொல்லேல்லை."

"அதுதான் தெரியும் எண்டுறன். நானும் ஒண்டும் சொல்லமாட்டன். நீங்கள் பயப்பிடாமல் போங்கோ."

அவருக்கு முகம் மலர்ந்துவிட்டது. நன்றி சொல்லிக்கொண்டு கதவுவரைக்கும் போனார். கதவுப் பிடியில் கை வைத்தபிறகுதான் விளங்கியது. திரும்பி வந்தார். தன்னை என்னவும் செய்யட்டும், தன் பிள்ளை என்ன பாவம் செய்தது என்று கேட்டார்.

"என்ரை அப்பாவும் இதைத்தான் கேட்டவர்" என்றார் அக்கா. "அந்தப் புத்தகத்தை வைச்சிட்டுப் போங்கோ. உங்களுக்கு விக்கிறதுக்கு இஞ்சை ஒண்டும் இல்லை."

அந்தக் கடையிலிருந்து எந்தத் தமிழரும் வெறுங்கையோடு போனதில்லை. அவர் போனார். நான் அக்காவைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை.

சனிக்கிழமை மாமா வந்தார். அக்கா கதிரை போட்டு, தேத்தண்ணி வைத்துக் கொடுத்து, மூடுபனி மூடின மலைகளைப் பற்றிய புத்தகம் ஒன்றை விரித்து ஒவ்வொரு படமாய்க் காட்டினார். மாமா அதை வாங்குவதாகச் சொல்லிவிட்டு, மெல்ல, கணக்காளர் வீட்டுப் பிள்ளை எப்படி என்று கேட்டார். நான் அலுமாரிக்குப் பின்னால் நின்று, என் குலதெய்வத்தை மட்டுமல்ல, அக்காவின் குலதெய்வத்தையும் சேர்த்துக் கும்பிட்டேன்.

"அவையைப் பற்றி நான் ஒண்டும் சொல்லேல்லை, அண்ணை" என்றார் அக்கா. பிறகு அடுத்த பக்கத்தைத் திருப்பினார்.

மாமா தேத்தண்ணியை அரைவாசியில் வைத்துவிட்டு எழும்பினார். அன்று பின்னேரமே டெலிபோன் வந்தது. ரீச்சர் வாயே திறக்கவில்லை, என்னவோ பெரிதாய் இருக்கிறது, இது சரிவராது, வேறு இடம் பார்ப்போம் என்றார். அக்காவின் பகைக் கதையை நான் எடுத்துச் சொன்னேன். பகை இருந்தாலும் அவர் பொய் சொல்லமாட்டார், அந்தச் சொல்லில் ஏதோ இருக்கிறது என்று மாமா அடித்துச் சொன்னார். என் வாழ்க்கையில் ஒரு மனிதனின் கழுத்தை நெரிக்கவேண்டும் என்று நினைத்தது அப்போதுதான். யாருடைய கழுத்தை என்றுதான் தெரியவில்லை.

திங்கட்கிழமை கடைக்குப் போனதும் கோட்டைக்கூடக் கழற்றாமல் அக்காவுக்கு முன்னால் போய் நின்றேன். வாயில் வந்ததெல்லாம் சொன்னேன். அந்தாள் உங்களுக்குச் செய்ததை நீங்கள் எனக்குச் செய்துவிட்டீர்கள், நீங்கள் அவரைவிட மோசம், அவருக்காவது வேலிச் சண்டை இருந்தது, எனக்கும் உங்களுக்கும் என்ன சண்டை, இத்தனை வருடம் உங்களோடு இருந்து சாப்பிட்டேனே என்று கேட்டேன். அக்கா கையை மடியில் வைத்துக்கொண்டு முழுவதையும் கேட்டார்.

"முடிஞ்சுதோ?" என்றார். "தம்பி, அந்தக் கணக்காளரிலை எனக்குக் கோவம்தான். ஆனா வயிறு எரியிறது அவனாலை இல்லை. எனக்குப் பேசின மாப்பிள்ளை படிச்ச மனிசன். ஊர் ஊராய்ப் போய்க் காணி அளக்கிறவர். ஒருத்தன் ஒண்டும் சொல்லேல்லை எண்டதைக் கேட்டு அப்பிடியே திரும்பிப் போனவர். ஒருக்கா, ஒரேயொருக்கா எங்கடை வீட்டுப் படலையடிக்கு வந்து, என்ன சங்கதி எண்டு என்னைக் கேட்டிருக்கலாம். நான் எவ்வளவு காலம் அந்தப் படலையைப் பார்த்துக்கொண்டு இருந்தன் தெரியுமோ உமக்கு?"

அக்கா மடியில் இருந்த கையை எடுத்து மேசையில் வைத்தார்.

"இப்ப உமக்கும் ஒருத்தரும் ஒண்டும் சொல்லேல்லை. நீர் என்ன செய்யப்போறீர்?"

அக்கா எனக்கு வழி காட்டினாரா, குத்திக் காட்டினாரா என்று அந்த நேரம் நான் யோசிக்கவில்லை. ஆத்திரம்தான் மிச்சம் இருந்தது. அந்த ஆத்திரத்தோடேயே இறங்கிப் பஸ் மாறித் தோர்ண்டன் ஹீத்துக்குப் போய்க் கணக்காளர் வீட்டு மணியை அடித்தேன்.

வீட்டின் முன்னறைதான் அவர் கணக்குப் பார்க்கிற கந்தோர். அவரே வந்து கதவைத் திறந்தார். என்னைக் கண்டதும் கடையில் கயிற்றோடு நின்ற ஆள் என்று மட்டுப் பிடித்துவிட்டார். சாதகம் மட்டும்தான் கைமாறி இருந்தபடியால், மாப்பிள்ளை நான்தான் என்று அவருக்கு நான் சொல்லவேண்டி இருந்தது.

"ரீச்சர் என்ன சொன்னவ?" என்று கேட்டார்.

"ஒண்டும் சொல்லேல்லை."

"பிறகேன் வந்தனீர்?"

"ஒண்டும் சொல்லேல்லை எண்டபடியால்தான் வந்தனான். என்ன சங்கதி எண்டு உங்களையே கேப்பம் எண்டு."

அவர் என்னைப் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு பின்னால் கையால் தடவி மாடிப்படியைப் பிடித்து அதில் இருந்துவிட்டார். அழத் தொடங்கினார். சத்தம் போட்டு, சின்னப்பிள்ளை மாதிரி. "அந்த நேரம் அந்தப் பிள்ளைக்காக இப்பிடி ஒருத்தனும் போய்க் கேக்கேல்லையே" என்றார். அதையே திருப்பித் திருப்பிச் சொன்னார். சுமதிக்கு அன்று வேலை இல்லை. சமையலறையில் இருந்து ஓடி வந்தவள் என்னையும் தகப்பனையும் மாறி மாறிப் பார்த்து, அப்பாவை என்ன செய்தீர்கள் என்று கேட்டாள். உங்களைக் கட்டலாமா என்று கேட்க வந்தேன் என்று உளறினேன். அதற்கு ஏன் அவர் அழுகிறார் என்று கேட்டாள். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் சொல்லி முடிக்க எனக்கு இரண்டு தேத்தண்ணி தேவைப்பட்டது. கேட்டு முடித்தபிறகு அவள் ஓம் என்றாள். மாமாவைச் சமாளிப்பது உங்கள் வேலை என்றும் சொன்னாள்.

அடுத்த நாள் கடைக்குப் போனதும் அக்காவிடம் சொன்னேன். சுமதி ஓம் என்றுவிட்டாள் என்பதில்தான் தொடங்கினேன். நல்லது, சந்தோசம் என்று சொல்லிவிட்டு, தகப்பன் என்ன செய்தார் என்று கேட்டார். அழுதார் என்றேன். அக்கா தட்டெழுத்து இயந்திரத்தை ஒரு பக்கம் தள்ளிவைத்தார். நின்றுகொண்டு அழுதவரோ, இருந்து அழுதவரோ என்று கேட்டார். மாடிப்படியில் இருந்து என்றேன். என்ன சொல்லி அழுதவர் என்று கேட்டார். சொன்னேன். திருப்பிச் சொல்லச் சொன்னார். திருப்பிச் சொன்னேன்.

மத்தியானம் சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு, முதலில் இருந்து ஒருக்கால் சொல்லும் தம்பி என்றார். அக்கா அன்று சாப்பிட்ட மாதிரி ஒருநாளும் சாப்பிட்டு நான் கண்டதில்லை. மணியை அடித்ததில் இருந்து தொடங்கி, கதவு திறந்து, அவர் படியைத் தடவிப் பிடித்து இருந்ததுவரை சொல்லிக்கொண்டு வந்தபோதுதான் எனக்கு உறைத்தது, இந்த அழுகிற மனிதர் என் மாமனாராகப் போகிறவர். நிறுத்திவிட்டேன்.

"ஏன் நிப்பாட்டினீர்?" என்றார் அக்கா. "கண்ணைக் கையாலை துடைச்சவரோ, லேஞ்சியாலை துடைச்சவரோ? அதையும் சொல்லும்."